உதவி எடிட்டராகப் போவது பின்னால் போவதா?

கேள்வி: அக்கா, எனக்கு 24 வயது. மூன்று வருடமாக வீட்டிலிருந்தே சின்னச் சின்ன விளம்பரங்கள், இணையத்துக்கான வீடியோக்கள் எடிட் செய்து தருகிறேன். இப்போது ஒரு தொலைக்காட்சித் தொடருக்கு உதவி எடிட்டராகக் கூப்பிட்டிருக்கிறார்கள். இன்னும் மூன்று வாரத்தில் சேர வேண்டும். விசாரித்தால், எடிட்டிங் கையில் தரமாட்டார்கள், ஃபுட்டேஜைக் காப்பி எடுப்பது, சிங்க் செய்வது, பெயர் வைத்து அடுக்குவது, எக்ஸ்போர்ட் போடுவது, அவ்வளவுதான் என்கிறார்கள். ஒரு வீடியோவை முழுசாக நானே வெட்டி முடிக்கிறேன். இதற்குப் போவது பின்னால் போவது மாதிரி இல்லையா? ஒலிப் பக்கமும் ஆசை இருக்கிறது. இந்த வேலையெல்லாம் இனி கம்ப்யூட்டரே செய்துவிடும் என்று நண்பர்கள் பயமுறுத்துகிறார்கள். வீட்டிலோ, "கடைசியில் ஓடுகிற பெயரை யார் படிக்கப்போகிறார்கள்" என்கிறார்கள். நான் என்ன செய்யட்டும்?

பதில்:

அன்புள்ள தங்கைக்கு,

போங்கள். கடிதத்தை இரண்டு முறை படித்துவிட்டுத்தான் சொல்கிறேன். நான் 22 வருடமாக இந்தத் துறையில் இருக்கிறேன். முதல் ஐந்து வருடம் உதவி எடிட்டர். அப்புறம் ஒலிப் பக்கம் வந்து வசன எடிட்டராகி அங்கேயே தங்கிவிட்டேன். நீங்கள் கேட்கிற இரண்டு வாசலிலும் நின்றவள் என்பதால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

தனியாக ஒரு வீடியோவை முடிக்கும்போது எல்லா முடிவும் உங்கள் தலைக்குள்ளேயே இருக்கிறது. எந்த டேக் நல்லது, எந்த ஃபைல் எங்கே கிடக்கிறது, எதை நாளைக்குச் சரிசெய்யலாம் என்று யாருக்கும் சொல்ல வேண்டியதில்லை. தப்பு நடந்தால் உங்களோடு நின்றுவிடும். ஒரு தொடரில் அப்படி இல்லை. உங்கள் மேசையிலிருந்து கிளம்புகிற ஒவ்வொரு ஃபைலையும் நம்பி எடிட்டர், ஒலிக்குழு, நிறத்தைச் சீர்செய்கிற கலரிஸ்ட், கம்ப்யூட்டர் காட்சிகள் செய்கிற சிஜி குழு, இசையமைப்பாளர், மொழிபெயர்ப்பு டப்பிங் செய்கிறவர்கள் என்று ஒரு வரிசையே உட்கார்ந்திருக்கும். அவர்களில் பாதிப்பேரை நீங்கள் நேரில் பார்க்கவே மாட்டீர்கள். பார்க்காத ஒருவர் கைக்குப் போய்ச் சேரும்போது உடையாமல் இருக்கிற மாதிரி வேலையைக் கட்டிக் கொடுப்பது தனித் திறமை. வீட்டில் உட்கார்ந்து அதைக் கற்க வழியே கிடையாது. உங்களிடம் இல்லாதது அது ஒன்றுதான் என்று நினைக்கிறேன்.

ஒரே ஒரு ஷாட்டை எடுத்துக்கொள்வோம். ஒரு பெண் கதவைத் திறந்து உள்ளே வந்து, "வந்துட்டேன்" என்கிறாள். அவ்வளவுதான் காட்சி.

படப்பிடிப்பு முடிந்ததும் அந்த ஷாட் கேமரா கார்டில் இருக்கும். அவள் குரல் தனியாக ஒலிப்பதிவுக் கருவியில் இருக்கும். இரண்டையும் காப்பி எடுப்பதுதான் முதல் வேலை. "காப்பி எடுப்பதுதானே" என்று தோன்றும். 1998-ல் பிக்ஸார் அனிமேஷன் நிறுவனத்தில் டாய் ஸ்டோரி 2 தயாராகிக்கொண்டிருந்தபோது யாரோ கொடுத்த ஒரு தவறான கட்டளையால் படத்தின் பெரும்பகுதி அழிய ஆரம்பித்தது. பேக்கப் இருக்கிறது என்று எடுத்துப் பார்த்தால் அது ஒழுங்காகப் பதிவாகியிருக்கவில்லை. பேக்கப் வேலை செய்கிறதா என்று முறையாகச் சோதித்துப் பார்த்திருக்கவில்லை. குழந்தை பிறந்ததால் வீட்டிலிருந்து வேலை செய்துகொண்டிருந்த ஒரு தொழில்நுட்ப இயக்குநரின் கம்ப்யூட்டரில் ஒரு பிரதி இருந்தது. படத்தை அதிலிருந்துதான் மீட்டார்கள். அதனால் காப்பி எடுத்த உடனே வேலை முடிந்ததாக நினைக்காதீர்கள். மூலத்தையும் பிரதியையும் செக்சம் போட்டு, அதாவது ஃபைலில் இருப்பதை வைத்துக் கணக்கிடுகிற ஒரு எண்ணைக் கொண்டு, ஒப்பிட வேண்டும். இரண்டிலும் ஒரே எண் வந்தால்தான் ஃபைல் முழுசாக வந்திருக்கிறது என்று அர்த்தம். மூன்று பிரதி, அதில் ஒன்று வேறு கட்டடத்தில். அதற்குப் பிறகுதான் கார்டை அழிக்கலாம் என்று சொல்ல வேண்டும். அந்த ஒரு வார்த்தையைச் சொல்வது உதவி எடிட்டர்தான். முழு நாள் படப்பிடிப்பில் எத்தனை பேர் நின்று உழைத்திருப்பார்கள் என்று நினைத்துப் பாருங்கள். அத்தனையும் அந்தச் சொல்லை நம்பி நிற்கிறது.

அடுத்தது சிங்க். படத்தையும் ஒலியையும் சேர்ப்பது. இப்போதெல்லாம் டைம்கோடை, அதாவது பதிவோடு கூடவே ஓடுகிற நேர எண்ணை, வைத்தோ, ஒலி அலையை ஒப்பிட்டோ சாஃப்ட்வேரே சேர்த்துவிடும். ஆனால் சேர்ந்தது சரியா என்று பார்ப்பதற்கு ஒரு ஆள் வேண்டும். ஒரு வினாடிக்கு 24 ஃபிரேம், அதாவது 24 தனித்தனிப் படம், என்றால் ஒரு ஃபிரேம் ஏறத்தாழ 42 மில்லிவினாடி. ஒலி படத்தைவிட 45 மில்லிவினாடி முந்தினாலே மனிதர்களுக்குத் தெரிய ஆரம்பித்துவிடும், பிந்தினால் 125 மில்லிவினாடி வரை தெரியாது என்று பன்னாட்டுத் தொலைத்தொடர்பு ஒன்றியத்தின் பரிந்துரை சொல்கிறது. முந்தினால் ஒரு ஃபிரேமைச் சற்றுத் தாண்டினாலே உறுத்தும், பிந்தினால் மூன்று ஃபிரேம் வரை தாங்கும். ஏன் இந்த வித்தியாசம்? தூரத்தில் ஒருவர் மரம் வெட்டுவதைப் பாருங்கள். கோடாரி விழுவது முதலில் தெரியும், ஓசை அப்புறம்தான் வரும். ஓசை முதலில் வந்து கோடாரி பிறகு விழுந்ததை நாம் யாரும் பார்த்ததே இல்லை. அதனால்தான் உடம்பு அதை ஏற்பதில்லை. இதைத் தெரிந்துகொண்டு உதட்டைப் பார்க்கிற கண்ணும், தெரியாமல் பார்க்கிற கண்ணும் வேறு வேறு. நாளுக்கு 80 டேக் சிங்க் பார்த்தால் மூன்று மாதத்தில் ஒரு ஃபிரேம் தள்ளியிருப்பது உங்களுக்கு நாற்காலியில் சாய்ந்தபடியே தெரியும். பிறகு ஆயுசுக்கும் அது போகாது.

அப்புறம் பெயர் வைப்பது. அந்தக் கதவு ஷாட் ஒன்பது டேக் எடுக்கப்பட்டிருக்கும். நான்காவதில் கதவு கிரீச்சிட்டது, ஆறாவதில் நடிப்பு நன்றாக இருந்தும் வெளியே வண்டிச் சத்தம், ஒன்பதாவதை இயக்குநர் ஓகே செய்திருக்கிறார். இவற்றை எடிட்டர் தேடாமல் எடுக்கிற மாதிரி அடுக்கி வைக்க வேண்டும். அடுக்குவதற்கு ஒன்பதையும் நீங்கள் பார்த்தாக வேண்டும். ஒரு நடிகர் ஒரே வரியை ஒன்பது விதமாகச் சொல்வதை உட்கார்ந்து பார்க்கிற வாய்ப்பு வேறு யாருக்குக் கிடைக்கிறது? எடிட்டர் எந்த டேக்கை எடுத்தார் என்று மறுநாள் பாருங்கள். நீங்கள் எதை எடுத்திருப்பீர்கள் என்று முந்தின நாளே குறித்து வையுங்கள். எடுத்தது ஒன்றாக இல்லாத இடங்களில்தான் உங்கள் பாடம் இருக்கிறது. ஏன் என்று எடிட்டரிடம் கேளுங்கள், ஆனால் அவர் வேலைக்கு நடுவில் கேட்காதீர்கள்.

இனி என் கதை ஒன்று. உதவி எடிட்டராக இரண்டாவது வருடம். 40 நிமிட எபிசோடு ஒன்று லாக் ஆகிவிட்டது. லாக் என்றால் இனி வெட்டு மாறாது, ஒலிக்குழு வேலையை ஆரம்பிக்கலாம் என்று பொருள். அவர்களுக்குப் படத்தையும் ஒலித் துண்டுகளையும் நான் அனுப்ப வேண்டும். எங்கள் புராஜெக்ட் வினாடிக்கு 23.976 ஃபிரேமில் இருந்தது. நான் படத்தை 24-ல் எக்ஸ்போர்ட் செய்துவிட்டேன். ஆயிரத்தில் ஒரு பங்குதான் வித்தியாசம். முதல் சில நிமிடத்தில் யாருக்கும் தெரியாது. ஒரு மணி நேரத்தில் அது 3.6 வினாடி. எங்கள் எபிசோடின் கடைசியில் 2.4 வினாடி. உதடு மூடிய பிறகும் பேச்சு வந்துகொண்டிருந்தது. மூன்று பேர் ஒரு நாள் முழுக்க அந்தப் படத்தைப் பார்த்துச் செய்த வேலை வீணாகிவிட்டது.

அன்றைக்கு வசன எடிட்டராக இருந்த பெண்மணி என்னைத் திட்டவில்லை. கூப்பிட்டு அருகில் உட்கார வைத்தார். ஹெட்போனை மாட்டி, ஒரு காட்சியில் இருந்த பேச்சையெல்லாம் எடுத்துவிட்டு மீதியைக் கேட்கச் சொன்னார். ஒன்றுமே இல்லை என்றேன். இன்னொரு முறை கேளுங்கள் என்றார். மெதுவாக ஒரு மின்விசிறி கேட்டது. அதற்கும் பின்னால் எங்கோ ஒரு குழாய். அப்புறம் அந்த அறையின் மூச்சு என்று சொல்ல வேண்டிய ஏதோ ஒன்று. "இதை அறுத்துத்தான் நீங்கள் எனக்கு அனுப்பியிருக்கிறீர்கள், ஒட்டுவது என் வேலை" என்றார். நான் ஒலிப் பக்கம் வந்ததற்குக் காரணம் அந்த அரைமணி நேரம்தான்.

ஒலி மேல் ஆசை என்று எழுதியிருக்கிறீர்கள். எதன் மேல் ஆசைப்படுகிறீர்கள் என்பது தெளிவாக இருந்தால் நல்லது. பலர் ஒலி என்றால் வெடிச்சத்தமும் பின்னணி இசையும் என்று நினைக்கிறார்கள். எங்கள் வேலையில் பாதிக்கு மேல் காதில் விழாமல் இருக்கத்தான் செய்கிறோம். மறுபடியும் அந்தக் கதவுக்கு வருவோம். எடிட்டர் "வந்துட்டேன்" என்ற வரியை ஒன்பதாவது டேக்கிலிருந்தும், அவள் அம்மா திரும்பிப் பார்க்கிற குளோசப்பை வேறு நேரத்தில் எடுத்த டேக்கிலிருந்தும் எடுத்திருப்பார். படத்தில் வெட்டு அழகாக இருக்கும். ஒலியில் அந்த இடத்தில் ஒரு குழி விழும். வரி இருக்கிற டேக்கில் விசிறி ஓடியது, குளோசப் டேக்கில் நிறுத்தியிருந்தார்கள். பார்க்கிறவருக்கு விசிறி தெரியாது, ஆனால் "ஏதோ சரியில்லை" என்று தோன்றும். அந்தக் குழியை நிரப்பத்தான் ரூம் டோன். யாரும் பேசாமல், அசையாமல், அதே இடத்தில் பதிவு செய்த அரைநிமிடமோ ஒரு நிமிடமோ ஓடுகிற வெறுமை. படப்பிடிப்பில் எல்லாருக்கும் வீட்டுக்குப் போகிற அவசரத்தில் இதைப் பதிவு செய்ய விடமாட்டார்கள். அப்போது நடிகர்கள் மூச்சு விடுகிற இடைவெளிகளில் இருந்து கால் வினாடி, அரை வினாடி என்று பொறுக்கிச் சேர்த்து ஒரு அறையைக் கட்ட வேண்டும். எனக்கு இந்த வேலையில் இன்றுவரை அலுப்பு வந்ததில்லை.

வரியிலேயே கோளாறு இருந்தால் முதலில் மற்ற டேக்குகளில் தேடுவோம். ஆறாவது டேக்கில் "வந்து" நன்றாக இருக்கும், ஒன்பதாவதில் "ட்டேன்" நன்றாக இருக்கும். ஒட்டிப் பார்ப்போம். உதடு பொருந்தினால் நடிகரைத் திரும்பக் கூப்பிட வேண்டியதில்லை. ஸ்டுடியோவில் வைத்துப் பேச வைப்பது கடைசி வழி. அறைக்குள் நின்று பேசுகிற குரலில் அன்றைக்குக் கதவைத் தள்ளிக்கொண்டு ஓடிவந்த இரைப்பு இருக்காது. உதவி எடிட்டர் ஒலித் துண்டுகளின் முன்னும் பின்னும் சில வினாடி கூடுதலாக வைத்து அனுப்ப வேண்டும் என்று சொல்வது இதற்காகத்தான். ஹேண்டில் என்போம். வெட்டிய இடத்தோடு நிறுத்தி அனுப்பினால் எங்களுக்குப் பொறுக்குவதற்கு மூச்சுகூட இருக்காது. ஓகே ஆகாத டேக்குகளின் ஒலியும் எங்களுக்கு வேண்டும்.

கதவுச் சத்தம், காலடி, புடவை உரசல் எல்லாம் ஃபோலி கலைஞர்கள் படத்தைப் பார்த்துக்கொண்டே நடந்து, தட்டி, உரசிச் செய்வது. பேசும்படம் வந்த புதிதில், 1920-களின் இறுதியில், யுனிவர்சல் ஸ்டுடியோவில் இதை ஆரம்பித்த ஜாக் ஃபோலியின் பெயர்தான் அந்தக் கலைக்கே நின்றுவிட்டது. படப்பிடிப்பில் பதிவான கதவுச் சத்தம் நன்றாகவே இருந்தாலும் ஃபோலி தேவைப்படும். தொடரை வேறு மொழியில் டப் செய்யும்போது வசனத்தை எடுத்துவிட்டு இசையும் ஓசையும் மட்டும் உள்ள ட்ராக்கைக் கேட்பார்கள். வசனத்தோடு ஒட்டிப் பதிவான கதவு வசனத்தோடேயே போய்விடும். அப்போது அந்த மொழிக்காரர்களுக்குக் கதவு ஊமையாகத் திறக்கும். இதெல்லாம் தெரிந்த உதவி எடிட்டர் எங்கள் பக்கம் வந்தால் இரண்டு கையாலும் வரவேற்போம். படத்தின் எடிட்டிங் தெரியாமல் நேரடியாக ஒலிக்கு வருகிறவர்கள், வெட்டு ஏன் அந்த இடத்தில் விழுந்தது என்று புரியாமல் கொஞ்ச காலம் தடுமாறுவதைப் பார்த்திருக்கிறேன். ஆகவே ஒலி ஆசைக்காகவும் இந்த வேலை சரியான வழிதான்.

கம்ப்யூட்டர் பயம் பற்றி. உங்கள் நண்பர்கள் சொல்வதை நான் ஒதுக்கித் தள்ளமாட்டேன். பேச்சை எழுத்தாக்குவது, இரைச்சலை நீக்குவது, சிங்க், முகத்தை வைத்து டேக்குகளைப் பிரிப்பது, இதெல்லாம் ஏற்கெனவே பெருமளவு மெஷினிடம் போய்விட்டது. இன்னும் போகும். ஆனால் இந்தத் துறை ஒருமுறை இதைவிடப் பெரிய மாற்றத்தைத் தாண்டியிருக்கிறது. ஃபிலிம் காலத்தில் உதவியாளர்கள் துண்டுகளைக் கொக்கியில் தொங்கவிட்டு, ஓரத்தில் எண் அச்சடித்து, ஒற்றை ஃபிரேம் துணுக்கைக்கூடத் தொலையாமல் காத்து வைப்பார்கள். 1989-ல் ஏவிட் நிறுவனத்தின் எடிட்டிங் கருவி வந்தது. புகழ்பெற்ற ஹாலிவுட் எடிட்டர் வால்டர் மர்ச் ஒரு படத்தை ஃபிலிமில் வெட்டத் தொடங்கி பாதியில் கம்ப்யூட்டருக்கு மாறினார். 1996-ல் வெளியான அந்த தி இங்கிலிஷ் பேஷன்ட்தான் டிஜிட்டலில் எடிட் செய்து எடிட்டிங்குக்கான ஆஸ்கர் வாங்கிய முதல் படம். அந்தப் பத்தாண்டுக்குள் கொக்கியும் எண் அச்சும் போயே போய்விட்டன. எடிட்டரும் உதவி எடிட்டரும் போகவில்லை.

ஆனால் ஒன்று போனது. அதைப் பற்றி யாரும் உங்களிடம் சொல்லியிருக்க மாட்டார்கள். ஃபிலிம் வெட்டும்போது எடிட்டருக்கு இன்னொரு ஜோடிக் கை தேவைப்பட்டது. அதனால் உதவியாளர் அதே அறையில் நின்றார். இயக்குநரும் எடிட்டரும் பேசுவது, சண்டை போடுவது, ஒரு காட்சியைத் தூக்கிவிட்டு மறுநாள் திரும்ப வைப்பது எல்லாம் அவர் காதில் விழுந்தது. டிஜிட்டல் வந்ததும் உதவியாளரின் வேலையை வேறு அறையில், வேறு நேரத்தில், பெரும்பாலும் ராத்திரியில் செய்ய முடிந்தது. கற்றுக்கொள்வதற்கு இருந்த நாற்காலி மெல்ல அறையை விட்டு வெளியே போய்விட்டது. கம்ப்யூட்டர் வேலையைப் பிடுங்கிவிடும் என்பதைவிட, இந்த நாற்காலி கிடைக்காமல் போவதைத்தான் நான் உங்கள் இடத்தில் இருந்தால் அதிகம் கவலைப்படுவேன்.

ஏன் என்று ஒரு உதாரணத்தோடு சொல்கிறேன். ஒரு தொடரில் இயக்குநர் பார்த்துவிட்டு, "மூன்றாவது காட்சி ரொம்ப நீளம், குறையுங்கள்" என்றார். எடிட்டர் சரி என்றார். மறுநாள் மூன்றாவது காட்சியில் ஒரு ஃபிரேமைக்கூடத் தொடவில்லை. இரண்டாவது காட்சியில் ஒரே ஒரு வரியை எடுத்துவிட்டார். அந்த வரி, மூன்றாவது காட்சியில் வெளிப்பட வேண்டிய விஷயத்தை முன்கூட்டியே சொல்லிக்கொண்டிருந்தது. பார்க்கிறவர்களுக்கு ஏற்கெனவே தெரிந்துவிட்டதால் காட்சி இழுத்தது. போட்டுக் காட்டினார். "ம், இப்போது அளவாக இருக்கிறது, எவ்வளவு குறைத்தீர்கள்?" என்று கேட்டார் இயக்குநர். மனிதர்கள் எங்கே வலிக்கிறது என்று சரியாகச் சொல்வார்கள், ஏன் வலிக்கிறது என்பதை நாம்தான் தேட வேண்டும். இதை எந்தப் பாடத்திட்டத்திலும் நான் பார்க்கவில்லை. அந்த அறையின் பின்வரிசையில் உட்கார்ந்திருந்ததால் பார்த்தேன். உங்களுக்கு இதுவரை வந்த விளம்பர வேலைகளில் வாடிக்கையாளர் சொன்ன திருத்தத்தை அப்படியே செய்து கொடுத்திருப்பீர்கள். அதில் தப்பில்லை. ஆனால் அடுத்த படி இதுதான்.

அதனால் வேலையை ஒத்துக்கொள்ளும் முன் இதைக் கேளுங்கள்: "இயக்குநர் பார்க்கும்போதும், திருத்தம் சொல்லும்போதும் நான் அறையில் இருக்கலாமா? பேசமாட்டேன், குறிப்பு எடுக்கிறேன்." வாரத்துக்கு ஒரு நாள் கிடைத்தாலும் போதும். முழுக்க ராத்திரி ஷிஃப்ட் மட்டும்தான், எடிட்டரைப் பார்க்கவே முடியாது என்றால், மூன்று மாதம் கழித்துப் பகலுக்கு மாற்றுவார்களா என்று கேளுங்கள். குறிப்பு எடுக்கிற உதவி எடிட்டர் எடிட்டருக்கு உண்மையிலேயே உதவிதான், பெரும்பாலும் மறுக்க மாட்டார்கள்.

மற்றவற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். எத்தனை மாதம், நாளுக்கு எத்தனை மணி நேரம், அதற்கு மேல் போனால் என்ன தருவார்கள், டைட்டிலில் உங்கள் பெயர் எந்தப் பொறுப்போடு வரும் என்பதெல்லாம் எழுத்தில் இருக்க வேண்டும். வாய்மொழியாக "பார்த்துக்கலாம்" என்றால், நீங்களே ஒரு மின்னஞ்சலில் "நாம் பேசியபடி" என்று எழுதி அனுப்பி, சரி என்ற பதிலை வாங்கி வையுங்கள். ஒரு முழு எபிசோடைச் சோதனைக்காக இலவசமாகச் செய்து தரச் சொன்னால் செய்யாதீர்கள். நள்ளிரவில் வேலை முடிந்தால் வீட்டுக்குப் போகிற ஏற்பாட்டை அவர்கள் செய்ய வேண்டும் என்று கேட்பதில் கூச்சமே வேண்டாம். தொடர் முடிந்தால் வேலையும் முடியும், அடுத்தது வரை இடைவெளி விழும். சம்பளத்தில் ஒரு பங்கை முதல் மாதத்திலிருந்தே அந்த இடைவெளிக்கு ஒதுக்குங்கள். காதைப் பத்திரமாகப் பார்த்துக்கொள்ளுங்கள். 85 டெசிபலில் எட்டு மணி நேரம் என்பதுதான் வேலையிடங்களுக்குப் பரவலாகச் சொல்லப்படும் எல்லை. ஹெட்போனில் அதைத் தாண்டுவது சுலபம். ஒலிக்கு வர ஆசைப்படுகிறவருக்கு வேறு மூலதனம் கிடையாது.

வீட்டில் கேட்பது நியாயமான கேள்வி. எங்கள் வீட்டிலும் கேட்டார்கள். கடைசியில் ஓடுகிற பெயர்களை வீட்டில் உட்கார்ந்து பார்க்கிறவர்கள் படிப்பதில்லைதான். ஆனால் அதை எழுத்து விடாமல் படிக்கிற ஒரு கூட்டம் இருக்கிறது. அடுத்த வேலைக்கு ஆள் தேடுகிற எடிட்டர்களும் போஸ்ட் புரொடக்‌ஷன் மேற்பார்வையாளர்களும் அவர்கள். எனக்கு வந்த வேலைகளில் பெரும்பாலானவை "அந்தத் தொடரில் உங்கள் பெயர் பார்த்தேன்" என்றுதான் ஆரம்பித்தன. அப்பா அம்மாவுக்கு மார்கரெட் பூத் பற்றிச் சொல்லுங்கள். பதின்ம வயதில், 1915 வாக்கில், ஃபிலிம் துண்டுகளை ஒட்டுகிற வேலையில் சேர்ந்த பெண். அதற்குக் கீழே ஒரு வேலை கிடையாது. பிற்காலத்தில் எம்.ஜி.எம். ஸ்டுடியோவின் தலைமை எடிட்டராக 1968 வரை இருந்தார். அங்கே தயாரான படங்கள் அவர் கண்ணைத் தாண்டித்தான் போயின. 1978-ல் கௌரவ ஆஸ்கர் கொடுத்தார்கள். 104 வயது வரை வாழ்ந்தார். அவர் பெயர் தெரிந்த ரசிகர்கள் மிகக் குறைவு. அவர் கைபட்ட படங்களைப் பார்த்தவர்களை எண்ணி முடியாது.

சேர்வதற்கு மூன்று வாரம் இருக்கிறது என்கிறீர்கள். அதற்குள் ஒன்றைச் செய்து பாருங்கள். நீங்கள் ஏற்கெனவே முடித்த ஒரு வீடியோவில் ஐந்து நிமிடம் எடுத்துக்கொண்டு, அதை யாரோ தெரியாத ஒரு ஒலிக்குழுவுக்கு அனுப்புவதாக நினைத்துக் கட்டுங்கள். படம் 01:00:00:00 என்ற டைம்கோடில் ஆரம்பிக்கட்டும். அதற்குச் சரியாக இரண்டு வினாடி முன்னால், 00:59:58:00-ல், ஒரே ஒரு ஃபிரேம் நீளத்துக்கு 1000 ஹெர்ட்ஸ் 'பிப்' ஒலி வையுங்கள். முடிந்த பிறகும் இரண்டு வினாடி கழித்து இன்னொன்று. முதல் பிப் சரியாகவும் கடைசி பிப் தள்ளியும் இருந்தால் வேகத்தில் கோளாறு என்று அடுத்தவருக்கு ஒரே நிமிடத்தில் தெரிந்துவிடும். அன்றைக்கு நான் கடைசி பிப் வைத்து அனுப்பியிருந்தால் மூன்று பேரின் ஒரு நாள் மிஞ்சியிருக்கும். வசனம், ஓசை, இசை மூன்றையும் தனித்தனி ட்ராக்கில் பிரித்து, ஒலியை 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட்டில், ஹேண்டிலோடு ஏஏஎஃப் ஃபைலாக, அதாவது எடிட்டை ஒரு சாஃப்ட்வேரிலிருந்து இன்னொன்றுக்குக் கொண்டுபோகிற ஃபைலாக, எடுங்கள். பிறகு அதை டாவின்ச்சி ரிசால்வ் என்ற எடிட்டிங் சாஃப்ட்வேரில் புதிய புராஜெக்ட் திறந்து ஏற்றிப் பாருங்கள், இலவசப் பதிப்பில் ஒலிக்கான பக்கமும் இருக்கிறது. உங்கள் பழைய புராஜெக்டின் உதவி இல்லாமல், அந்த ஃபோல்டரில் இருப்பதை மட்டும் வைத்து எல்லாம் அதனதன் இடத்தில் வந்து உட்கார வேண்டும். முதல் தடவை உட்காராது. மூன்றாவது தடவை உட்காரும். நீங்கள் கேட்ட "இவ்வளவுதான் வேலை" எவ்வளவு என்று அப்போது தெரியும்.

சேர்ந்த முதல் நாள் எல்லாரும் உங்களுக்கு எதை எதையோ காட்டுவார்கள், பாதி மறந்துபோகும். பரவாயில்லை. ஒரு கேள்வியை மட்டும் மறக்காமல் கேளுங்கள்: "புராஜெக்ட் ஃபிரேம் ரேட் என்ன?" "24" என்று பதில் வந்தால், "சரியாக 24-ஆ, 23.976-ஆ?" என்று இன்னொரு முறை கேளுங்கள். பதிலைத் துண்டுச் சீட்டில் எழுதி மானிட்டர் ஓரத்தில் ஒட்டிவிடுங்கள். என் மானிட்டரில் இன்றைக்கும் ஒன்று ஒட்டியிருக்கிறது.

அன்புடன்,
அக்கா